மலை ரயில்களைப் படம்பிடிப்பதையே தொழிலாக வைத்துக்கொள்ள முடியுமா? குமரி மாவட்டத்தில் இருந்து எங்கே தொடங்குவது?

மார்த்தாண்டம்_வியூஃபைண்டர்:

எல்லாருக்கும் வணக்கம். மார்த்தாண்டம் பக்கம் கல்யாணம், கோயில் கொடை, சர்ச் திருவிழா வீடியோதான் இப்போதைய வேலை. நீலகிரி மலை ரயில், செங்கோட்டை–புனலூர், பிறகு டார்ஜிலிங், சிம்லா என்று மலைப்பாதைகளை மட்டும் எடுக்கும் ஒளிப்பதிவாளராக மாற ஆசை. ஃபுல் ஃபிரேம் மிரர்லெஸ் ஒன்று, 24-70, 70-200 லென்ஸ்கள், ஒரு கிம்பல் (நடக்கும்போது ஆட்டம் குறைக்கும் கைப்பிடி), ஒரு சின்ன ட்ரோன் கையில் இருக்கிறது.

ஊட்டிக்குப் போகும் முன் நம்ம மாவட்டத்திலேயே பழக இடம் உண்டா? அனுமதி யாரிடம் கேட்பது? ஓடும் ரயிலுக்குள் இருந்து எடுத்தால் குகை வரும்போது படம் கறுத்து, வெளியே வந்ததும் வெளுத்துப் போகிறது. பக்கத்துக் கம்பங்கள் எல்லாம் சாய்ந்து தெரிகின்றன. இதற்கு என்ன வழி? கடைசியாக, இதற்கு யார் காசு கொடுப்பார்கள்?

ஆரல்காற்று:

தம்பி, ஊட்டி டிக்கெட்டைத் தள்ளிவையுங்கள். தோவாளைக்கும் ஆரல்வாய்மொழிக்கும் நடுவே கொஞ்ச நாள் பழகினால் பாதி வேலை கைக்கு வந்துவிடும். மலை, கணவாய், காற்றாலை, வயல், வளைவு எல்லாம் ஒரே இடத்தில் இருக்கின்றன. வண்டியும் நாள் முழுக்க வந்துகொண்டே இருக்கும். நீலகிரியில் மேட்டுப்பாளையத்தில் இருந்து காலையில் ஒன்று, ஊட்டியில் இருந்து மேட்டுப்பாளையத்துக்கு மதியம் ஒன்று. அதைத் தவறவிட்டால் மறுநாள்தான். தாலி கட்டும் நேரம் மாதிரி, ரீடேக் கிடையாது.

முதலில் தடத்தைப் படியுங்கள். நாகர்கோவில்–திருநெல்வேலி இப்போது இரட்டைப் பாதை. வண்டி அதன் போக்குக்கு இடப்பக்கத் தடத்தில் ஓடும். நெல்லைக்குப் போகும் வண்டி வடகிழக்கே போவதால் அதன் தடம் மலையை ஒட்டிய பக்கம். நாகர்கோவிலுக்கு வரும் வண்டி தெற்கு ஓரத் தடம். மலை பின்னணியில் வேண்டும் என்று தெற்கே நின்று வடக்கே பார்த்து எடுத்தால், வருகிற வண்டி முழுசாகக் கிடைக்கும். போகிற வண்டிக்கு மட்டும் ஒரு ஆபத்து உண்டு: அதே நேரம் எதிர் வண்டி வந்தால் ஃபிரேம் மொத்தமும் அடைபடும். இரண்டு வண்டியும் எங்கே இருக்கின்றன என்று நேரடி ஓட்டத் தகவலில் பார்த்துவிட்டு இடம் பிடியுங்கள்.

அடுத்தது வெயில். நாம் இருப்பது 8 டிகிரி அட்சரேகையில். ஏப்ரல் இரண்டாம் வாரத்தில் இருந்து ஆகஸ்ட் கடைசி வரைக்கும் உச்சிச் சூரியன் நமக்கு வடக்கே நிற்கும். அந்த மாதங்களில் நண்பகல் நேரம் வடக்கே பார்த்து மலையை எடுத்தால் எதிர்வெளிச்சம்தான். மலை நீலம் வெளிறி, வண்டியின் முகம் இருண்டு போகும். டிசம்பர், ஜனவரியில் சூரியன் தெற்கே சாய்வதால் காலை எட்டில் இருந்து பத்து வரை மலைமுகத்தில் நேராக விழும். ஊட்டிப் பாட்டுகளில் பார்க்கிற பச்சை வேண்டுமானால் மழை ஓய்ந்த மறுநாள் காலை. முந்தின நாள் தூசி கழுவப்பட்டிருக்கும்.

காற்றைச் சொல்லியே ஆக வேண்டும். ஆடிக் காற்றில் அம்மியே பறக்கும் என்கிற ஊரில், அதுவும் முப்பந்தல் கணவாயில், 200 எம்எம் லென்ஸைப் போட்டு டிரைபாடை முழு உயரத்துக்கு நிமிர்த்தினால் எல்லா ஷாட்டும் நடுங்கும். நடுக்கம்பை மேலே இழுக்கவே வேண்டாம். கால்களை அகல விரித்து, கேமராவை இடுப்புக்குக் கீழே இறக்குங்கள். பையைக் கொக்கியில் தொங்கவிட்டால் காற்றில் ஆடி இன்னும் கெடுக்கும். பை தரையைத் தொட்டு நிற்கும்படி கயிற்றை நீட்டிக் கட்டுங்கள். லென்ஸ் ஹூட் பாய்மரம்போல் காற்றைப் பிடிக்கும், வெயில் நேரே விழாத கோணத்தில் கழற்றிவிடுவது நல்லது. ஃப்ளூயிட் ஹெட் (கேமராவைக் குலுங்காமல் திருப்பும் டிரைபாட் தலை) 75 எம்எம் கிண்ணம் உள்ளதாகப் பாருங்கள். புகைப்படக்காரர்களின் பந்து ஹெட்டில் ரயிலைப் பின்தொடரும் பான் வராது.

நேரக் கணக்கு. 22 பெட்டி எல்எச்பி (புதிய வகைப் பெட்டி) வண்டி இன்ஜினோடு ஏறக்குறைய 550 மீட்டர். மணிக்கு 90 கிலோமீட்டரில் வந்தால் நொடிக்கு 25 மீட்டர். ஒரு புள்ளியைக் கடக்க 22 நொடிதான். அதற்குள் ஜூம், பான், ஃபோகஸ் எல்லாம் செய்யப் பார்த்தால் எதுவும் உருப்படாது. ஒரு கேமராவை அகலமாகப் பூட்டி ஓடவிட்டுவிட்டு, கையில் உள்ளதில் ஒரே ஒரு அசைவு மட்டும் செய்யுங்கள். வண்டி வரும் முன் 10 நொடி, கடைசிப் பெட்டி மறைந்த பின் 10 நொடி வெறும் தடம் பதிவாகட்டும். எடிட்டர் கையெடுத்துக் கும்பிடுவார்.

காலை ஒன்பதரைக்கு மேல் தடத்தின் நீளவாட்டில் 400 எம்எம் வைத்து எடுக்காதீர்கள். சரளைக்கல் சூடேறி, கானல் எழும்பி, இன்ஜின் முகம் தண்ணீருக்குள் இருப்பதுபோல் நெளியும். எத்தனை விலை லென்ஸ் போட்டாலும் அது போகாது.

இது பழகியதும் செங்கோட்டை–புனலூர். மீட்டர் கேஜாக 1904ல் தொடங்கிய பாதை, அகலப் பாதையாகி 2018ல் மறுபடி திறந்தது. கழுதுருட்டிப் பக்கம் பதிமூன்று கண் பாலம் நெடுஞ்சாலையை ஒட்டியே நிற்பதால் காட்டுக்குள் நுழையாமலே எடுக்கலாம். ஏற்றத்தில் இரண்டு முனையிலும் இன்ஜின் போட்டு மெதுவாக வருவதால், 14 பெட்டி வண்டி மணிக்கு 30 கிலோமீட்டரில் ஒரு புள்ளியைக் கடக்க முக்கால் நிமிடம் கிடைக்கும். மலைப்பாதைத் தாளம் என்ன என்று அங்கேதான் புரியும்.

பச்சைக்கொடி:

அனுமதி பற்றி மட்டும் சொல்கிறேன், இதில்தான் ஆட்கள் வழுக்குகிறார்கள்.

ஆரல்வாய்மொழி, செங்கோட்டை, நீலகிரி மூன்று பாதையும் தெற்கு ரயில்வே, ஆனால் மூன்று வேறு கோட்டம் (நிர்வாகப் பிரிவு). நாகர்கோவில், ஆரல்வாய்மொழி திருவனந்தபுரம் கோட்டம். செங்கோட்டை–புனலூர் மதுரை. நீலகிரி சேலம். ஒரு ஸ்டேஷன் மாஸ்டர் ‘எடுத்துக்கோங்க’ என்று வாய்வார்த்தையாகச் சொன்னால் அது அனுமதி ஆகாது. வணிக நோக்கில் ரயில்வே எல்லைக்குள் எடுக்க, சென்னையில் உள்ள மண்டலத் தலைமையகத்தின் தலைமை மக்கள் தொடர்பு அதிகாரி அலுவலகம் வழியாக விண்ணப்பிக்க வேண்டும். கதைச்சுருக்கம் அல்லது காட்சி விவரம், இடம், தேதி, நேரம், குழுவினர் பட்டியல், கருவிப் பட்டியல், காப்பீடு இதெல்லாம் கேட்பார்கள். உரிமக் கட்டணமும் வைப்புத்தொகையும் உண்டு. குறைந்தது ஒரு மாதம் முன்னதாகப் போடுங்கள். தேதியை ஒற்றை நாளாக எழுதாமல் மாற்றுத் தேதியும் சேர்த்தே எழுதுங்கள். மழை வந்தால் புதிதாகத் தொடங்க வேண்டியிராது.

ரயில்வே எல்லைக்கு வெளியே, பொதுச்சாலையில் நின்று எடுப்பது வேறு விஷயம். எல்லைக்குள் அனுமதியின்றி நுழைந்தால் ரயில்வே சட்டம் 1989, பிரிவு 147: ஆறு மாதம் வரை சிறை, அல்லது 1000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். படிக்கட்டில் தொங்கி எடுத்தால் பிரிவு 156. ‘எல்லாரும் ரீல்ஸ் எடுக்கிறாங்களே’ என்று ஆர்பிஎஃப்காரரிடம் (ரயில்வே பாதுகாப்புப் படை) வாதாடிப் பயனில்லை.

மின்கம்பி: 25,000 வோல்ட். தொட வேண்டியதே இல்லை, நெருங்கினாலே தாவும். உடம்போ கருவியோ 2 மீட்டருக்குள் போகக் கூடாது. பிளாட்பார்மில் நின்று 4 மீட்டர் பூம் கம்பைத் தலைக்கு மேல் நிமிர்த்தினாலே கம்பி உயரம் வந்துவிடும். கார்பன் ஃபைபர் கம்பு மின்சாரம் கடத்தும் என்பது பலருக்குத் தெரியாது. செல்ஃபி கம்பில் ஆக்‌ஷன் கேமரா மாட்டி மேலே நீட்டுவதும் இதே கணக்குதான். மேம்பாலத்தில் இருந்து டிரைபாடைக் கைப்பிடிச் சுவருக்கு வெளியே சாய்க்கவே கூடாது. நீலகிரியில் மின்கம்பி இல்லை. அங்கே பழகிய கையோடு ஆரல்வாய்மொழிக்கு வந்து மறந்துவிடாதீர்கள்.

ட்ரோன்: 2021 விதிகளின்படி பதிவு எண் வேண்டும். 250 கிராமுக்கு மேல் 2 கிலோ வரை உள்ளது மைக்ரோ வகை. வணிகத்துக்குப் பறக்கவிட்டால் ரிமோட் பைலட் சான்றிதழும் தேவை. பசுமை மண்டலத்தில் (வான்வெளி வரைபடத்தில் பச்சையாக உள்ள, முன் அனுமதி வேண்டாத பகுதி) 400 அடி வரை, விமான நிலையத்தில் இருந்து 8 முதல் 12 கிலோமீட்டர் வளையத்தில் 200 அடி வரை. ஆனால் நம்ம சுற்றுவட்டத்தில் மகேந்திரகிரி இஸ்ரோ வளாகம் ஒரு பக்கம், கூடங்குளம் ஒரு பக்கம். அன்றைய வான்வெளி வரைபடத்தைத் திறந்து பார்க்காமல் ஆரல்வாய்மொழிப் பக்கம் ட்ரோனைப் பெட்டியில் இருந்து எடுக்கவே வேண்டாம். வரைபடம் பச்சையாக இருந்தாலும் தடத்துக்கு மேலே பறக்க ரயில்வே அனுமதி தனி, காட்டுக்கு மேலே வனத்துறை தனி.

பல்சக்கரம்:

நீலகிரி விஷயத்துக்கு வருவோம்.

46 கிலோமீட்டர் பாதை. குன்னூர் வரை 1899, ஊட்டி வரை 1908. ஏற்றம் அதிகபட்சம் 12.5 அடிக்கு 1 அடி. கல்லாறு தாண்டியதும் தண்டவாளங்களுக்கு நடுவே, இன்ஜினின் பல்சக்கரம் பிடித்து ஏறும் பல்சட்டம் தொடங்கி குன்னூரில் முடியும். படம்பிடிப்பவர் மனதில் வைக்க வேண்டியது: இன்ஜின் எப்போதும் பள்ளத்துப் பக்கம்தான். ஏறும்போது பின்னால் இருந்து தள்ளும், இறங்கும்போது முன்னால் நின்று தாங்கும். அதனால் ஏறும் வண்டியின் முதல் பெட்டிக்கு முன்னால் மறைப்பே இல்லை. பிரேக்காரர் ஒருவர் கொடியோடு நிற்பார், அவ்வளவுதான். தடம் முன்னோக்கி விரியும் ஷாட் அந்தப் பெட்டியில். புகையோடு இன்ஜின் வளைந்து வரும் ஷாட் பின்பெட்டி ஜன்னலில். ஒரே ஆள் இரண்டையும் ஒரே பயணத்தில் எடுக்க முடியாது. முன்பதிவு திறந்த அன்றே இரண்டு பெட்டியிலும் இடம் போட்டு, உதவியாளரைப் பின்னால் உட்கார வையுங்கள்.

நிறையப் பேர் இறங்கும் வண்டியைச் சாலையில் துரத்திவிட்டு ‘புகையே இல்லையே’ என்பார்கள். இறக்கத்தில் இன்ஜின் உழைப்பதே இல்லை, புகை எங்கிருந்து வரும்? புகை வேண்டுமானால் ஏறும் வண்டி, அதுவும் குளிரும் ஈரமும் உள்ள காலை. காற்று சூடாகிவிட்டால் நீராவி வெளியே வந்ததும் கரைந்துவிடும். பக்கவாட்டில் அல்லது நீராவிக்குப் பின்னால் இருந்து வெயில் விழும்போதுதான் நீராவிக்கு உருவம் வரும். நேர்வெயிலில் தட்டையான வெள்ளைத் திட்டு. எக்ஸ்போஷரை நீராவிக்கு வையுங்கள். ஜீப்ராவை (மிகை வெளிச்சத்தைக் கோடு போட்டுக் காட்டும் வசதி) உங்கள் கேமராவின் வெள்ளை உச்சத்துக்குச் சற்றுக் கீழே வைத்து, நீராவியில் கோடு தோன்றத் தொடங்கும் இடத்தில் நிறுத்தி அரை ஸ்டாப் இறக்குங்கள். இன்ஜினின் கறுப்பு இருண்டாலும் 10-பிட் லாகில் (பிற்பாடு நிறம் திருத்த ஏற்ற தட்டையான பதிவு முறை) மேலே இழுக்கலாம். வெள்ளை எரிந்தால் போனது போனதுதான். குன்னூருக்கு மேலே வழக்கமாக டீசல் இன்ஜின், அங்கே புகைக்குக் காத்திருக்க வேண்டாம். கேத்திப் பள்ளத்தாக்கின் அகலக் காட்சிக்கு நேரத்தைச் செலவிடுங்கள்.

குகை: ஆட்டோ ஐஎஸ்ஓ, ஆட்டோ ஐரிஸ் இரண்டையும் அணையுங்கள். மேட்டுப்பாளையம்–ஊட்டி நடுவே 16 குகைகள். வண்டி மணிக்கு 13 கிலோமீட்டர் என்றால் நொடிக்கு 3.6 மீட்டர், 50 மீட்டர் குகை கடக்க 14 நொடி. அந்த 14 நொடி கறுப்பாகவே இருக்கட்டும். வெளிப்புற வெளிச்சத்துக்குப் பூட்டி வைத்த எக்ஸ்போஷரோடு குகை வாய் திறந்து பச்சை தெரிவதுதான் அழகு. ஆட்டோவில் விட்டால் கேமரா இருட்டுக்கு ஏற ஏற இரைச்சல் கூடும், வெளியே வந்ததும் இரண்டு மூன்று நொடி வெளுத்துக் கிடக்கும். உள்ளே பயணிகளின் முகம் வேண்டுமென்றால் இன்னொரு கேமராவை உள்வெளிச்சத்துக்குத் தனியாக அமைத்து வையுங்கள். 25 எஃப்பிஎஸ், ஷட்டர் 1/50. நம்ம ஊர் மின்விளக்கு 50 ஹெர்ட்ஸ் என்பதால் ஸ்டேஷன் விளக்கில் மினுங்கலும் வராது. வெயிலுக்கு ஷட்டரைக் கூட்டாமல் என்டி (வெளிச்சம் குறைக்கும் ஃபில்டர்) போடுங்கள்.

கம்பம் சாய்வது ரோலிங் ஷட்டர். சென்சார் மேலிருந்து கீழாக வரிவரியாகப் படிப்பதால், படித்து முடிப்பதற்குள் கம்பம் நகர்ந்துவிடுகிறது. ஷட்டர் வேகத்தைக் கூட்டினால் போகும் என்று சொல்வார்கள், போகாது. கூர்மையாகச் சாயும், அவ்வளவே. வழி மூன்று. வேகமாகப் படிக்கும் சென்சார் உள்ள கேமரா. இல்லையென்றால் உங்கள் கேமராவில் கிராப் முறையில் படிக்கும் வேகம் கூடுகிறதா என்று சோதியுங்கள், பல மாடல்களில் கூடும். இரண்டும் முடியாவிட்டால் நேர் பக்கவாட்டில் பார்க்காமல் போகும் திசைக்கு 30, 40 டிகிரி சாய்த்து வையுங்கள். கம்பம் குறுக்கே பாயாமல் நம்மை நோக்கி வளரும், சாய்வு கண்ணுக்குப் படாது. பல்சட்டப் பகுதியின் வேகத்தில் இந்தத் தொல்லையே கிடையாது. தோவாளையில்தான் கடிக்கும்.

அதிர்வு: ஜன்னல் சட்டத்தில் கிளாம்பை நேராகப் பூட்டினால் பல்சக்கர அதிர்வு முழுக்கப் படத்தில் இறங்கும். நடுவே தடித்த ரப்பர் வையுங்கள். அதைவிட நல்லது, ஒரு கிலோ பாசிப்பயறு நிரப்பிய துணிப்பையை ஜன்னல் விளிம்பில் வைத்துக் கேமராவை அதன்மேல் அமுக்குவது. அகல லென்ஸில் கேமரா உடலுக்குள் உள்ள ஸ்டெபிலைசேஷனை அணைத்துவிடுங்கள், இல்லையென்றால் ஓரங்கள் ஜெல்லி மாதிரி துடிக்கும். கேமராவோ கையோ ஜன்னலுக்கு வெளியே ஒரு சாண் கூட வேண்டாம். குகைச் சுவரும் பாறையும் அவ்வளவு ஒட்டி வரும்.

மூடிய கண்ணாடி ஜன்னல் உள்ள வண்டிகளில், சுவிட்சர்லாந்தின் பெர்னினா மாதிரி, போலரைசர் (பிரதிபலிப்பைக் குறைக்கும் ஃபில்டர்) போட்டால் கண்ணாடியில் வானவில் திட்டு வரும். அதைக் கழற்றிவிட்டு, ரப்பர் ஹூட்டைக் கண்ணாடியில் ஒட்டி, சுற்றிலும் கறுப்புத் துணி போடுங்கள். சட்டையும் கறுப்பாக இருக்கட்டும். அதே தடத்தில் சாதாரண வட்டார வண்டிகளில் திறக்கிற ஜன்னல் கிடைக்கும், படத்துக்கு அதுதான் உத்தமம். டார்ஜிலிங் வேறு வகை: 610 எம்எம் தடம் சாலையை ஒட்டியே ஓடுவதால் வாகனத்தில் இருந்து இணையாக எடுக்கலாம், ஆனால் கடைப்பலகையும் கேபிள் வயரும் ஃபிரேமில் நிற்கும். சிம்லாப் பாதையில் குகைகள் நூற்றுக்கும் மேல். மேலே சொன்ன இருட்டுக் கணக்கு அங்கே இன்னும் முக்கியம்.

அக்டோபர் முதல் டிசம்பர் வரை மண்சரிவில் கல்லாறு–குன்னூர் ஓட்டம் அடிக்கடி ரத்தாகும். அந்த மாதங்களுக்கு வாடிக்கையாளரிடம் தேதி ஒப்புக்கொள்ளாதீர்கள்.

மார்த்தாண்டம்_வியூஃபைண்டர்:

கம்பம் சாய்வுக்கு ஷட்டரைத்தான் மாற்றிக்கொண்டிருந்தேன், நன்றி அண்ணாச்சி. சத்தம் கேமரா மைக்கிலேயே எடுத்தால் போதுமா? காசு விஷயமும் யாராவது சொல்லுங்க.

தக்கலை_ஒலி:

போதாது மக்கா. மலை ரயில் படத்துக்குச் சத்தம் பாதி உயிர்.

நீலகிரி இன்ஜினில் இரண்டு ஜோடி சிலிண்டர். ஒன்று சாதாரண சக்கரங்களுக்கு, இன்னொன்று பல்சக்கரத்துக்கு. பல்சட்டத்தில் ஏறும்போது இரண்டும் சேர்ந்து உழைக்க, துடிப்பின் தாளமே மாறும். கல்லாறுக்கு முன்னும் பின்னும் தனித்தனியாகப் பதிவு செய்யுங்கள். எடிட்டில் இடம் மாற்றி ஒட்டினால் தெரிந்தவர்கள் உடனே கண்டுபிடித்துவிடுவார்கள். விசில் அருகில் திடீரென்று எகிறும் என்பதால் 32-பிட் ஃப்ளோட் ரெக்கார்டர் வாங்குங்கள், ஒலி அளவு வைக்கத் தவறினாலும் சத்தம் உடையாது. ரோமக் கவசம் இல்லாமல் ஆரல்வாய்மொழியில் மைக்கைத் திறக்கவே வேண்டாம். வெறும் ஸ்பாஞ்ச் உறை அந்தக் காற்றுக்குத் தாங்காது. ஓடும் பெட்டிக்குள் மைக்கைச் சட்டத்தில் கட்டாதீர்கள், கையில் அல்லது ரப்பர் தொங்கலில் வையுங்கள். எந்த இடத்திலும் வண்டி இல்லாத வெறும் சூழலொலி இரண்டு நிமிடம் தனியாக.

சேமிப்பு: நொடிக்கு 100 மெகாபிட்டில் 4கே எடுத்தால் மணிக்கு 45 ஜிபி. மேட்டுப்பாளையம்–ஊட்டி ஐந்து மணி நேரத்தை ஒரு கேமராவில் விடாமல் எடுத்தால் 225 ஜிபி. மூன்று கேமரா என்றால் 675. இரவே இரண்டு டிஸ்கில் நகல் போட்டு, இரண்டையும் ஒரே பையில் வைக்காதீர்கள். நீண்ட ஓட்டத்துக்குக் கேமராவின் தனி பேட்டரியை நம்பாமல் பவர் பேங்கில் இருந்து யுஎஸ்பி மின்சாரம் கொடுங்கள்; செருகு வயரை டேப்பால் ஒட்டவில்லை என்றால் அதிர்வில் கழன்று வரும்.

காசுக்கு வருகிறேன். ‘மலை ரயில் ஒளிப்பதிவாளர்’ என்று யாரும் மாதச் சம்பளம் தருவதில்லை. வரும் வழிகள்: வெளிமாநில, வெளிநாட்டு ஆவணப்படக் குழுக்களுக்கு உள்ளூர் இரண்டாவது யூனிட் (துணைக் காட்சிகள் எடுக்கும் குழு), சுற்றுலாத் துறை வேலையை எடுக்கும் விளம்பர நிறுவனங்கள், ஸ்டாக் காட்சி விற்பனை (எடுத்து வைத்த காட்சிகளை இணையத்தில் உரிமத்துக்கு விற்பது), சொந்த யூடியூப். முதலாவதில்தான் நல்ல பணம், ஆனால் அங்கே அழகு மட்டும் போதாது. அனுமதி, வண்டி நேரம், நிற்கும் இடம், மழை மாதம் எல்லாம் தெரிந்த ஆளாக உங்களைத் தேடி வர வேண்டும். ஆரல்காற்று சொன்ன பயிற்சிக் குறிப்புகளை இடம், திசை, மாதம், நேரம், லென்ஸ் என்று எழுதி வையுங்கள். பிற்பாடு அந்த நோட்டுதான் உங்கள் சரக்கு.

விலை சொல்லும்போது ஒரே தொகையாகச் சொல்லாதீர்கள். ஆள்கூலி, கருவி வாடகை, பயணமும் தங்கலும், மழையால் வீணாகும் நாளுக்குப் பாதிக் கூலி, அனுமதிக் கட்டணம் அவர்கள் பொறுப்பு என்று பிரித்து எழுதுங்கள். கல்யாணத் தொழிலில் இருந்து வருபவர்கள் மழைநாளை எழுதாமல் விட்டுக் கையைச் சுட்டுக்கொள்வது வழக்கம். மூலக்காட்சியின் உரிமை யாருக்கு என்பதும் தாளில் இருக்கட்டும். ஸ்டாக்கில் ஏற்றும்போது ரயில்வே சின்னமும் அடையாளம் தெரியும் முகங்களும் இருந்தால் எடிட்டோரியல் வகையில்தான் (செய்தி, தகவல் பயன்பாட்டுக்கு மட்டும்) போகும். விளம்பரத்துக்கு விற்கிற மாதிரி சில ஷாட்களைத் தூரத்தில் இருந்து, முகம் தெரியாமல் எடுத்து வையுங்கள்.

முறையாகப் படிக்க நினைத்தால் தரமணி அரசுத் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவுப் படிப்பு உண்டு, புனேயிலும் உண்டு. வயதோ வசதியோ இடம் கொடுக்காவிட்டால் ஏதாவது ஆவணப்பட யூனிட்டில் ஃபோகஸ் புல்லராக (ஃபோகஸைப் பார்த்துக்கொள்ளும் உதவியாளர்) சில வேலை செய்தாலே ஒழுங்கு வந்துவிடும்.

மார்த்தாண்டம்_வியூஃபைண்டர்:

பதிமூன்று கண் பாலத்துக்கு எந்த மாதம் போகலாம்? கிம்பல் எடுத்துப் போகவா?

ஆரல்காற்று:

கிம்பலை வீட்டில் வையுங்கள். நகரும் வண்டியை எடுக்க நாமும் நகர வேண்டியதில்லை. பூட்டிய ஃபிரேமுக்குள் வண்டி நுழைந்து வளைந்து போவதற்குத்தான் மலைப்பாதையில் மதிப்பு. இந்த ஒரு விஷயத்தில் ரீல்ஸ் ரசனையும் ஆவணப்பட ரசனையும் ஒத்துப்போகாது.

ஜூன் முதல் ஆகஸ்ட் வரை குற்றால சீசனில் பச்சை உச்சத்தில் இருக்கும், ஆனால் சாரல் லென்ஸை விட்டுப் போகாது. முன்கண்ணாடியைத் துடைக்க நாலைந்து மைக்ரோஃபைபர் துணி தனித்தனி உறையில் வேண்டும். ஒன்று ஈரமானால் அது தடவத்தான் செய்யும், துடைக்காது. செப்டம்பரில் மழை குறைந்து பச்சை மீதியிருக்கும், நான் சொல்வது அதைத்தான். அக்டோபரில் காலை வண்டிகளை மட்டும் நம்புங்கள், பிற்பகல் இடிமழை. ஏசி அறையில் தங்கினால் கேமராப் பையை மூடியபடியே வெளியே வைத்து அரைமணி நேரம் கழித்துத் திறங்கள், இல்லையென்றால் லென்ஸ் உள்ளே வேர்த்துக்கொள்ளும். திரும்பி வந்ததும் நம்ம கடற்காற்றில் பையோடு மூலையில் போடாதீர்கள். ஈரப்பதம் 40 முதல் 50 சதவீதத்தில் நிற்கிற உலர்பெட்டி ஒன்று முதலில் வாங்குங்கள். அடுத்த லென்ஸ் அதற்குப் பிறகு.